நிலத்துக்குக் கீழே ஓர் அறை

தங்கையின் வீட்டுச் சாப்பாட்டு மேசை முழுவதையும் அவுஸ்திரேலியாவின் வரைபடம் ஒன்று மூடியிருந்தது. சுருண்டுவிடாமல் ஒரு மூலையில் உப்புப் போத்தலும் இன்னொன்றில் தேயிலைப் பேணியும் இருந்தன. மற்ற இரண்டு மூலைகளிலும் பிள்ளைகளின் முழங்கைகள். கரையோரமெல்லாம் ஊர்ப் பெயர்கள் நெருக்கமாக அச்சிடப்பட்டிருந்தன. நடுவிலே பெரிய வெறுமை. அந்த வெறுமையைப் பிளந்துகொண்டு ஒரேயொரு சிவப்புக் கோடு தெற்கிலிருந்து வடக்கே ஓடியது.

"பெரியம்மா, நாங்கள் இந்த றோட்டாலதான் போகப் போறம்" என்றாள் மூத்தவள்.

2023 ஆம் ஆண்டு யூன் மாதம், மூன்று மாத விசாவில் நான் அடிலெய்ட் நகருக்குப் போயிருந்தேன். தங்கை 1996 இல் வெளிநாடு போனவள். இடையில் 2012 இல் ஒரு தடவை பத்து நாள் ஊருக்கு வந்து போனாள். மற்றபடி எங்களுடைய உறவெல்லாம் தொலைபேசியில்தான். யூலையில் பிள்ளைகளுக்கு இரண்டு கிழமை பள்ளிக்கூட விடுமுறை. பெரியம்மாவை எங்கே கூட்டிப் போவது என்று வீட்டில் பேச்சு வந்தது. சின்னவன் கடற்கரை என்றான். "கடல் வேண்டாமப்பு, பெரியம்மா கடல் நிறையப் பாத்திட்டன்" என்றேன். ஏன் அப்படிச் சொன்னேன் என்று முல்லைத்தீவுப் பக்கத்துச் சகோதரிகளுக்கு விளங்கும். தங்கைக்கு அப்போது விளங்கவில்லை. அப்படியென்றால் பாலைவனம் என்று முடிவாயிற்று.

அந்த நாட்டின் உட்பகுதியை அவர்கள் 'அவுட்பாக்' என்கிறார்கள். பாலைவனம் என்றதும் நாங்கள் நினைக்கும் வெறும் மணற்குவியல் அல்ல. சிவந்த மண், சாம்பல் நிறப் பற்றைகள், உப்புப் படிந்த வறண்ட ஏரிகள், மணித்தியாலக் கணக்கில் மனிதரைக் காணாத தெரு. நாங்கள் போகத் திட்டமிட்ட வழி இதுதான்: அடிலெய்ட்டிலிருந்து போர்ட் ஒகஸ்ரா ஏறக்குறைய 300 கிலோமீற்றர். அங்கிருந்து ஸ்ருவார்ட் நெடுஞ்சாலையால் கூபர் பீடி 540 கிலோமீற்றர். அதற்கப்பால் உலுரு என்ற பெரிய சிவப்புப் பாறை, இன்னும் 730 கிலோமீற்றர். யாழ்ப்பாணத்திலிருந்து கொழும்புக்கு 400 கிலோமீற்றர் வரும். போகும் வழி மட்டும் அப்படி நான்கு தடவை என்று கணக்குப் பாருங்கள்.

தங்கையின் கணவர் வாகனம் திருத்தும் வேலை செய்பவர். எதையும் எழுதி வைத்துத்தான் செய்வார். ஒரு கொப்பியில் கோடு போட்டு, எந்த நாள் எத்தனை கிலோமீற்றர், எங்கே பெற்றோல், எங்கே படுக்கை என்று எழுதினார். அந்தக் கொப்பியைப் பார்த்துத்தான் அங்கே பயணம் என்பது எவ்வளவு யோசித்துச் செய்ய வேண்டிய காரியம் என்று எனக்குத் தெரிந்தது.

முதலில் காலம். மார்கழி முதல் மாசி வரை அங்கே கோடை. வெப்பம் 40 பாகையைத் தாண்டும். அந்த நேரத்தில் சின்னப் பிள்ளைகளோடு போவது புத்தியில்லை. யூலை அங்கே குளிர்காலம். பகலில் இதமான வெயில், இரவில் பல் கிடுகிடுக்கும். ஆகவே ஒரே பைக்குள் வெயில் தொப்பியும் கம்பளிச் சட்டையும் வைக்க வேண்டும்.

இரண்டாவது, இருட்டில் ஓடுவதில்லை. மாலை மங்கும் நேரத்திலும் விடியற்காலையிலும் கங்காருக்களும் ஈமுக்களும் மாடுகளும் தெருவுக்கு வரும். ஓட்டத்தில் ஒரு கங்காருவில் மோதினால் வாகனமும் போய்விடும், சில வேளை ஆளும். பின்னேரம் ஐந்து மணிக்கு முன் படுக்கிற இடத்துக்குப் போய்விட வேண்டும் என்று கொப்பியில் சிவப்பு மையால் எழுதியிருந்தார். அந்தத் தெருவில் 'றோட் ட்ரெயின்' என்ற பார ஊர்திகள் ஓடுகின்றன. ஒன்றுக்குப் பின் ஒன்றாகப் பெட்டிகள் கொழுவிய லொறி. 53 மீற்றர் நீளம் வரைக்கும் வரும். அதை முந்துவதற்கு அவசரப்படக் கூடாது என்று தங்கைக்கு மூன்று தடவை சொன்னார். அவளும் ஓட்டுவாள், கொஞ்சம் வேகமாகவே ஓட்டுவாள்.

பிறகு பெற்றோல். கிளென்டாம்போ என்ற இடத்திலிருந்து கூபர் பீடி வரை 250 கிலோமீற்றருக்கு ஒரு கடையோ பெற்றோல் நிலையமோ இல்லை. பெரும்பாலான இடத்தில் தொலைபேசியும் எடுக்காது. யாருக்காவது கடுமையான வருத்தம் வந்தால் விமானத்தில் வரும் மருத்துவர்கள்தான். அந்தப் பறக்கும் மருத்துவர் சேவையை ஜோன் ஃபிளின் என்ற கிறிஸ்தவ ஊழியர் 1928 இல் தொடக்கி வைத்தார். பாலைவனத்துக் குடும்பங்கள் இன்றும் அதை நம்பித்தான் இருக்கின்றன. என்னுடைய பிறஷர் குளிசைகளை இரட்டிப்பாக எடுத்து, இரண்டு பைகளில் பிரித்து வைக்கச் சொன்னார்.

கடைசியாக அவர் பிள்ளைகளைக் கூப்பிட்டு இருத்தி ஒன்று சொன்னார். "வாகனம் நடுவழியில நிண்டிட்டுதெண்டால் ஒருத்தரும் வாகனத்தை விட்டுப் போகக் கூடாது. தண்ணி தேடிப் போறதே இல்லை. வாகனத்தைத்தான் தேடிக் கண்டுபிடிப்பினம். நடந்து போற ஆக்கள்தான் சாகிறது."

நான் குசினிக்குள் எழும்பிப் போய்விட்டேன்.

திரும்பி வந்து, "எத்தனை லீற்றர் தண்ணி கொண்டு போறியள் தம்பி?" என்று கேட்டேன். ஆளுக்கு நாளொன்றுக்கு 5 லீற்றர், ஐந்து பேர், மூன்று நாளுக்குக் கணக்குப் போட்டு 75 லீற்றர் என்றார். நூறு வேண்டும் என்றேன். பாரம் கூடிவிடும் அக்கா, வழியிலே நிரப்பலாம் என்றார். கடைசியில் 20 லீற்றர் கான் நான்கு என்று ஒத்துக்கொண்டோம். நான்கையும் பின்னுக்கு ஒன்றாக அடுக்க நான் விடவில்லை. ஒன்றைப் பிள்ளைகளின் கால் மாட்டில் வைப்பித்தேன். அந்த மனிதர் ஒன்றும் சொல்லாமல் அதையும் கொப்பியில் எழுதிக்கொண்டார்.

சாப்பாட்டுப் பொறுப்பு என்னுடையது. அரிசிமா வறுத்தேன். தட்டை வடை சுட்டேன், பயற்றம் பணியாரம் செய்தேன், மாசிச் சம்பல் இடித்துப் போத்தலில் அடைத்தேன். கெடாத சாப்பாடு எது, தண்ணீர் குறைவாகக் குடிக்கும் சாப்பாடு எது என்று எங்களுக்கு யாரும் சொல்லித் தர வேண்டியதில்லை. சாமான் கட்டும்போது தங்கை கதவடியில் நின்று என்னையே பார்த்துக்கொண்டிருந்தாள். எல்லோருடைய கடவுச்சீட்டையும் பிள்ளைகளின் பிறப்புப் பத்திரங்களையும் ஒரு பொலித்தீன் பையில் சுற்றி, என் கைப்பையின் உட்பக்கத்தில் வைத்துத் தைத்துக்கொண்டிருந்தேன். "அக்கா, இது இடப்பெயர்வு இல்லை, ஹொலிடே" என்றாள். இரண்டு பேரும் சிரித்தோம். ஆனால் நான் தைத்து முடித்தேன்.

அன்றிரவுதான் படுக்கை ஒழுங்கு பற்றிய கதை வந்தது.

கூபர் பீடி ஓபல் கல் தோண்டும் ஊர். 1915 இல் தங்கம் தேடி வந்த கூட்டம் ஒன்றிலிருந்த 14 வயதுப் பையன், தண்ணீர் தேடிப் போன இடத்தில் ஓபல் கண்டான் என்பது அந்த ஊரின் வரலாறு. ஏறக்குறைய 1,500 பேர் வசிக்கிறார்கள். வெயிலுக்குத் தப்ப, பாதிப் பேரளவில் நிலத்துக்குக் கீழே குடைந்த வீடுகளில்தான் இருக்கிறார்கள். தேவாலயமும் கீழே, கடையும் கீழே, ஹோட்டலும் கீழே. மேலே எந்த வெயிலானாலும் உள்ளே வருஷம் முழுவதும் 23, 24 பாகைதான்.

"உங்களுக்கு அண்டர்கிரவுண்ட் ரூம் புக் பண்ணப் போறம் பெரியம்மா!" என்று பிள்ளைகள் கணினியில் படத்தைக் காட்டினார்கள். சிவந்த மண் சுவர், சிவந்த மண் கூரை, யன்னல் இல்லை. நடுவில் வெள்ளை விரிப்புப் போட்ட கட்டில்.

"நான் வரயில்லை. நீங்கள் போட்டு வாங்கோ" என்றேன்.

பிள்ளைகளின் முகம் சுருங்கிப் போயிற்று. தங்கை, காசைப் பற்றி யோசிக்கிறேனோ என்று கேட்டாள். குளிரோ, குளிசையோ என்று கேட்டாள். பிள்ளைகள் படுத்த பிறகுதான் நான் வாய் திறந்தேன். "அது பங்கரடி."

பதினான்கு வருஷமாக அவள் என்னிடம் கேட்காத கதை அது. கேட்டால் நான் நொந்துவிடுவேன் என்று அவள் கேட்கவில்லை. அவள் கேட்கவில்லை என்று நான் சொல்லவில்லை. 2008 கார்த்திகை மழையில் தருமபுரத்தில் பங்கருக்குள் இடுப்பளவு தண்ணீர் நின்றதைச் சொன்னேன். 2009 பங்குனியில் மாத்தளனில் கடற்கரை மண்ணில் வெட்ட வெட்டச் சரிந்ததைச் சொன்னேன். சேலைகளைக் கிழித்து மூட்டை தைத்து மண் நிரப்பி அடுக்கினோம். மாமியாரின் பச்சைச் சேலையும் அதில் போயிற்று. அந்தப் பங்கரை வெட்டிய என் கணவர் ஒரு காலையில் கானை எடுத்துக்கொண்டு தண்ணீருக்குப் போனார். மகள் தாகம் என்று அழுதாள், அதனால் போனார். திரும்பி வரவில்லை. பிறகும் அந்தக் குழிக்குள் நாங்கள் பதினொரு நாள் இருந்தோம்.

தங்கை வரைபடத்தைச் சுருட்டி வைத்தாள். "பயணம் வேண்டாமக்கா" என்றாள். அதுவும் எனக்குச் சரியாகப் படவில்லை. பிள்ளைகள் ஒரு மாதமாக நாள் எண்ணிக்கொண்டிருந்தார்கள்.

அடுத்த நாள் ஊரிலிருக்கும் மகளோடு தொலைபேசியில் கதைத்தேன். அப்போது அவளுக்கு ஐந்து வயது. "எனக்கு அந்தப் பங்கர் ஞாபகம் இல்லையம்மா. ஒரு பச்சைச் சீலை மூட்டை மட்டும் ஞாபகம். அதில சாஞ்சு நித்திரை கொண்டனான்" என்றாள். பிறகு, "போய்ப் பாத்திட்டு எனக்குப் படம் அனுப்புங்கோ" என்றாள்.

தங்கையின் கணவர் வழி கண்டார். அந்த ஊரில் நிலத்துக்கு மேலே கட்டிய அறைகளும் உண்டு. ஒன்று மேலே, ஒன்று கீழே என்று இரண்டு அறைகள் பதிவு செய்தார். மேலே நானும் தங்கையும். கீழே அவரும் பிள்ளைகளும். கொஞ்சம் காசு கூடப் போயிற்று. கொப்பியில் அதற்கு விளக்கம் எழுதவில்லை.

பயணத்தை விபரித்துக்கொண்டே போனால் இந்த இதழ் போதாது. போர்ட் ஒகஸ்ராவில் முதல் இரவு. அடுத்த நாள் விடிந்த பிறகு புறப்பட்டோம். வழியில் வூமேரா என்ற பெயர்ப் பலகை வந்தது. 1947 முதல் ரொக்கட் பரிசோதனைக்காக ஒதுக்கப்பட்ட பெரும் நிலப்பரப்பு அது. இன்றும் தடைசெய்யப்பட்ட வலயம். நெடுஞ்சாலையை விட்டு இறங்க அனுமதி இல்லை. வேலி இல்லை, காவலரண் இல்லை, பலகை மட்டும் நிற்கிறது. படகில் வந்த அகதிகளை 1999 முதல் 2003 வரை அடைத்து வைத்த முகாம் ஒன்றும் அங்கேதான் இருந்தது. இந்த வெளிக்குள் வேலி எதற்கு, ஓடிப் போனாலும் எங்கே போவது என்று நினைத்துக்கொண்டேன்.

கூபர் பீடிக்குப் பல கிலோமீற்றர் முன்பே தெருவின் இரு பக்கமும் வெள்ளையும் வெளிர்மஞ்சளுமாக மண் கும்பிகள் தொடங்கிவிட்டன. கறையான் புற்றுப் போல ஆயிரக்கணக்கில். ஒவ்வொன்றுக்கும் பக்கத்தில் ஓபல் தேடித் தோண்டிய ஒரு குழி. தோண்டியவர்கள் மூடுவதில்லை. அதனால் எச்சரிக்கைப் பலகைகள் வைத்திருக்கிறார்கள்: ஓடாதே, பின்பக்கமாக நடக்காதே, ஆழக் குழிகள். ஒரு மனிதன் தலைகீழாக விழுகிற படமும் உண்டு. சின்னவன் அதைப் பார்த்துச் சிரித்தான். எனக்கு முகமாலையில் மண்டையோடு போட்ட சிவப்புப் பலகைகள் நினைவுக்கு வந்தன. படமெடுக்கப் பின்னுக்குப் போன அவனை எட்டிப் பிடித்து இழுத்த இழுவையில் அவனுடைய சட்டைத் தெறி அறுந்து போயிற்று.

பகல் வெளிச்சத்தில் போய்ப் பார்க்கலாம் என்று முதலில் ஒரு தேவாலயத்துக்குப் போனோம். இறங்கித்தான் போக வேண்டும் என்று நினைத்திருந்தேன். அங்கே பெரும்பாலும் அப்படி இல்லை. குன்றின் பக்கவாட்டில் குடைகிறார்கள். நிலமட்டத்தில் கதவு. நிமிர்ந்து நடந்து உள்ளே போகலாம். முன்பு கையாலே வெட்டினார்களாம், இப்போது இயந்திரம். சுவரில் இயந்திரப் பல்லின் தடம் வட்டம் வட்டமாகத் தெரிகிறது. மரக்குற்றி முண்டு ஒன்றும் இல்லை, அந்தக் கல் தானே நிற்கிறது. கூரையில் காற்றுப் போகக் குழாய்கள் வைத்திருக்கிறார்கள். ஒருவர் வீட்டையும் காசு கொடுத்துப் பார்த்தோம். குசினி, புத்தக அலுமாரி, பிள்ளைகளின் அறை, எல்லாம் உண்டு. பிள்ளை பிறந்தால் இன்னோர் அறை குடைந்தால் சரி. அப்படி அறை பெருப்பிக்கப் போய் ஓபல் எடுத்த கதைகளும் சொல்கிறார்கள்.

அருங்காட்சியகத்தில் கேள்விப்பட்ட ஒரு செய்தி என்னை அப்படியே நிற்க வைத்துவிட்டது. இப்படி நிலத்துக்குள் வீடு குடையும் வழக்கத்தை இங்கே கொண்டுவந்தவர்கள், முதலாம் உலகப் போரில் பதுங்குகுழிகளில் கிடந்துவிட்டுத் திரும்பிய படைவீரர்களாம். மூத்தவள்தான் எனக்கு விளங்கப்படுத்தினாள். நான் திரும்பவும் கேட்டேன். சண்டையில் குழிக்குள் இருந்த ஆட்களா? தாங்களாகவே விரும்பித் திரும்பக் குழிக்குள் போனார்களா? ஆமாம் பெரியம்மா என்றாள். அந்த மனிதர்கள் முதல் இரவு எப்படிப் படுத்திருப்பார்கள் என்று அங்கே எழுதியிருக்கவில்லை.

அன்றிரவு மேலே படுத்தோம். காற்று தகரக் கூரையை அடித்துக்கொண்டே இருந்தது. குளிர் எலும்புக்குள் போயிற்று. தங்கை என் கட்டிலுக்கே வந்துவிட்டாள். சின்ன வயதில் போல ஒரு போர்வைக்குள் கிடந்து, அவள் கேட்க நான் சொல்ல, நான் கேட்க அவள் சொல்ல, விடிந்துவிட்டது. அவளுக்கும் சொல்ல நிறைய இருந்தது. 2009 இல் ஒவ்வொரு இரவும் கணினிக்கு முன்னால் இருந்து பெயர்ப் பட்டியல்களில் எங்களைத் தேடினாளாம். வேலைக்குப் போய் மலசலகூடத்துக்குள் நின்று அழுவாளாம். நான் அதை ஒரு நாளும் கேட்டதில்லை.

கீழே படுத்த பிள்ளைகளும் தகப்பனும் காலை ஒன்பது மணி வரை எழும்பவில்லை. "விடிஞ்சதே தெரியேல்லை, சத்தமே இல்லை" என்றார்கள்.

உலுருவுக்கு அடுத்த நாள் பின்னேரம் போய்ச் சேர்ந்தோம். 348 மீற்றர் உயரமான ஒரே பாறை. பொழுது சாயும்போது செம்மஞ்சள், பிறகு குங்குமம், பிறகு உலர்ந்த இரத்தத்தின் நிறம். சுற்றிவர நடக்க 10 கிலோமீற்றர். நான் பாதி நடந்தேன். தங்கையின் கணவர் 2006 இல் நண்பர்களோடு வந்து அதன் மேலே ஏறியவராம். ஏற வேண்டாம் என்று அந்த மண்ணின் மக்களான அனாங்கு மக்கள் பலகை வைத்துக் கேட்டிருந்தும் ஏறினோம் என்று வெட்கத்தோடு சொன்னார். 2019 ஒக்ரோபர் 26 முதல் ஏறுவது தடை. அந்தத் திகதிக்கு ஒரு காரணம் உண்டு. 1985 இல் அதே நாளில்தான் அந்த நிலத்தின் உறுதி அனாங்கு மக்களின் கைக்குத் திரும்ப வந்தது. ஆனால் உறுதியைக் கொடுத்த கையோடு, தேசியப் பூங்காவுக்காக 99 வருஷக் குத்தகைக்கு அரசாங்கம் அதைத் திருப்பி எடுத்துக்கொண்டது. இப்போது பூங்காவை நிர்வகிக்கும் சபையில் அவர்களே பெரும்பான்மை. ஆகவே இதைக் கெட்டது என்றும் சொல்ல முடியாது. காணிக்காக வருஷக் கணக்கில் பந்தலில் குந்தியிருக்கும் எங்கள் பெண்களுக்கு இந்தக் கணக்கு விளங்கும்.

திரும்பி வரும் வழியிலும் கூபர் பீடியில் ஓர் இரவு. அதற்கும் மேலே ஒன்று, கீழே ஒன்று என்றுதான் கொப்பியில் இருந்தது. வாகனத்தை விட்டு இறங்கியதும் சின்னவன் என் கையைப் பிடித்து, "ஒருக்கா வந்து பாருங்கோ பெரியம்மா, கட்டிலில இருந்து மட்டும் பாருங்கோ" என்றான். போய் இருந்து பார்த்தேன். சுவரைத் தொட்டால் குளிரவில்லை. ஈரம் இல்லை. நகத்தால் சுரண்டினால் மா மாதிரித் தூள் வந்தது. மகளுக்குப் படம் எடுத்து அனுப்பினேன். அவளிடமிருந்து உடனே பதில் வந்தது: "வடிவா இருக்கு. நித்திரை கொள்ளுங்கோ."

கதவுக்குப் பக்கத்துக் கட்டில் எனக்கு வேண்டும் என்றேன். தலைமாட்டில் தண்ணீர்ப் போத்தலும் ரோச் லைற்றும் வைத்தேன். கைப்பையைக் காலடியில் வைத்தேன். கதவைப் பூட்ட விடவில்லை, ஒரு சாண் அளவு திறந்து வைத்து நடுவில் என் செருப்பைச் செருகினேன். தங்கை அடுத்த கட்டிலில் படுத்தாள். பிள்ளைகள் கொஞ்ச நேரம் குசுகுசுத்துவிட்டு அடங்கினார்கள். பன்னிரண்டு மணி வரைக்கும் எனக்கு நேரம் தெரியும். விளக்கை மட்டும் அணைக்க வேண்டாம் என்று சொல்லியிருந்தேன். காலையில் நான் எழும்பியபோது யாரோ அதை அணைத்திருந்தார்கள்.